இடறல்: ஸ்கேண்டல் என்ற சொல்லும் நமக்குள் நடப்பதும்

அந்த 7 இன்னும் என் கண்ணை விட்டுப் போகவில்லை.

முதல் வேலையில் எனக்குத் தொழில் கற்றுக்கொடுத்த மூத்தவர் ஒருவர் இருந்தார். நான் எழுதும் அறிக்கைகளைப் பென்சிலால் திருத்தித் தருவார். 7 போட்டால் நடுவில் குறுக்காகச் சின்னக் கோடு ஒன்று இழுப்பார், 1 என்று யாரும் தவறாகப் படித்துவிடக் கூடாது என்பதற்காக. "சின்னத் தொகைதானேன்னு விடாதே, கணக்குன்னா கணக்கு" என்பார். இரண்டு வருடம் அவரைப் பார்த்துத்தான் நான் கணக்கு எழுதப் பழகினேன். ஒருநாள் தணிக்கைக்காகப் பழைய பில்களை அடுக்கச் சொன்னார்கள். அவர் வெளியூர் போய்வந்த செலவுக்கான பில்களும் அதில் இருந்தன. நான்கு வெவ்வேறு இடங்களில் வாங்கியவை, தலைப்பு அச்சடித்த நான்கு வெவ்வேறு தாள்கள். நான்கிலும் தொகை எழுதும் இடத்தில் குறுக்குக் கோடு போட்ட அதே 7.

முதலில் கோபம் வரவில்லை. வயிற்றைப் புரட்டியது. அப்புறம், யாராவது பார்த்துவிடுவார்களோ என்று அவசரமாக அந்தத் தாள்களைக் கவிழ்த்து வைத்தேன். தப்பு செய்தவர் அவர். கை நடுங்கியது எனக்கு.

அந்த நடுக்கம் ஏன் வருகிறது என்பதைத்தான் இங்கே பார்க்கப் போகிறோம். ஸ்கேண்டல் என்ற சொல்லை எல்லோரும் தாராளமாகப் பயன்படுத்துகிறோம். பொதுப் பணத்தைச் சுருட்டினால் ஊழல் என்கிறோம், ஆளை ஏமாற்றினால் மோசடி, விதியை மீறினால் முறைகேடு. எதில் சேர்ப்பது என்று தெரியாதபோது "அந்த விவகாரம்" என்று குரலைத் தாழ்த்திச் சொல்கிறோம். இவை எல்லாமே செய்தவர் பக்கமிருந்து வைத்த பெயர்கள். அதைக் கேள்விப்பட்டவருக்குள் என்ன நடக்கிறது என்று தெரிய வேண்டுமானால் அந்தச் சொல்லின் வேருக்குப் போக வேண்டும்.

பொறிக்குள் இருக்கும் குச்சி

ஸ்காண்டலோன் என்பது பழைய கிரேக்கச் சொல். விலங்கு பிடிக்கும் பொறியில் இரையைச் செருகி வைக்கிற குச்சியோடு தொடர்புடையது. இரையைத் தொட்டதும் குச்சி நழுவும், பொறி மூடிக்கொள்ளும். பிற்பாடு, எபிரேய மறைநூலைக் கிரேக்கத்தில் மொழிபெயர்த்த யூதர்கள் இதே சொல்லைக் காலைத் தடுக்கும் பொருளுக்கும் எடுத்துக்கொண்டார்கள். பார்வையற்றவர் நடக்கும் வழியில் தடுக்கிவிழும்படி எதையும் வைக்காதே என்று அந்த மறைநூலின் லேவியராகமம் என்ற பகுதியில் ஒரு கட்டளை இருக்கிறது. அந்த இடத்தில் கிரேக்க மொழிபெயர்ப்பில் இருப்பது ஸ்காண்டலோன்தான். புதிய ஏற்பாட்டிலும் இது பலமுறை வருகிறது. தமிழ் விவிலியத்தில் படித்தவர்களுக்கு அது "இடறல்" என்ற சொல்லாகப் பழக்கமாயிருக்கும்.

எனக்கு இந்தத் தமிழ்ச் சொல் மிகவும் பிடிக்கும். கிரேக்கம் சொல்ல வந்ததை அப்படியே பிடித்துவிட்டது. அந்தக் கட்டளையில் வரும் பார்வையற்றவர் என்ன செய்கிறார் என்று பாருங்கள். நம்பி நடக்கிறார். வழக்கமாகப் போகும் பாதை, நேற்று எப்படி இருந்ததோ அப்படியே இன்றும் இருக்கும் என்று அடுத்த அடியை எடுத்து வைக்கிறார். வைத்த கால் தடுக்கும்போது அவருக்கு வலிப்பது விரல் மட்டுமா? அதற்கப்புறம் ஒவ்வொரு அடியையும் தயங்கித் தயங்கித்தான் வைப்பார். நம்பிய ஒருவரைப் பற்றி அசிங்கமான உண்மை ஒன்று தெரியவரும்போது நமக்கு நடப்பதும் இதுதான்.

கிரேக்கச் சொல் லத்தீனில் ஸ்காண்டலும் ஆனது. அங்கிருந்து பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தபோது இரண்டாகப் பிரிந்தது. ஒன்று ஸ்கேண்டல். இன்னொன்று ஸ்லாண்டர், அதாவது அவதூறு. இரண்டும் ஒரே வேரில் வந்த உடன்பிறப்புகள். ஒருவர் நிஜமாகச் செய்த தப்பால் வரும் இடறலும், அவர் செய்யாததைச் செய்ததாகச் சொல்லும் பொய்யும் ஒரே வயிற்றில் பிறந்திருப்பதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் இதற்கு வருவோம்.

13-ஆம் நூற்றாண்டு இறையியலாளர் தாமஸ் அக்குவினாஸ் இதைப் பொறுமையாக அலசியிருக்கிறார். அவர் கணக்கில் இடறல் என்பது, சரியில்லாத ஒரு சொல்லோ செயலோ இன்னொருவர் நெறி தவறி விழக் காரணமாவது. கல்லை வைப்பவர் வேறு, தடுக்கி விழுபவர் வேறு என்று இருவரையும் தனித்தனியாகப் பார்க்கிறார். விழுபவர்களிலும் இரண்டு வகை சொல்கிறார். அறியாமையாலோ பலவீனத்தாலோ நிஜமாகவே நிலைகுலைந்து விழுபவர்கள் ஒரு வகை. இவர்களைச் "சின்னவர்கள்" என்கிறார். நல்ல காரியத்திலும் குற்றம் கண்டுபிடித்து, கெட்ட எண்ணத்தோடு பதறுபவர்கள் இன்னொரு வகை. முதல் வகையினருக்காக நாம் கவனமாக இருக்க வேண்டும், பொறுமையாக விளக்க வேண்டும். இரண்டாம் வகையினர் பதறுகிறார்கள் என்பதற்காக நல்லதைக் கைவிடத் தேவையில்லை என்பது அவர் முடிவு.

அலுவலகக் கதைக்குத் திரும்புகிறேன். என்னோடு வேலைக்குச் சேர்ந்த பையன் ஒருவன் இருந்தான். பயணச் சீட்டுகளைக்கூடத் தேதிவாரியாக ஊசி குத்தி வைப்பவன். மூத்தவரின் சங்கதி கசிந்த பிறகு அவன் ஒரே ஒரு வாக்கியம்தான் சொன்னான்: "அவரே அப்படின்னா, நாம எதுக்குப்பா?" சில மாதங்களில் அவன் பில்களும் கொஞ்சம் கொஞ்சமாக வீங்க ஆரம்பித்தன. தணிக்கையில் கிடைத்த நட்டம் ஒரு தொகை, அதை எழுதி முடித்துவிட்டார்கள். இந்தப் பையன் விழுந்ததை யாரும் எந்த ஏட்டிலும் எழுதவில்லை. சொல்லின் பழைய பொருளில் பார்த்தால், அங்கே நடந்த ஸ்கேண்டல் அதுதான்.

தப்பு மட்டும் போதாது

திருடன் திருடினால் அது குற்றம். காவலுக்கு நின்றவன் திருடினால்தான் ஊரே வாயில் கைவைக்கிறது. எடுத்த பொருள் ஒன்றே, இழந்தவர் ஒருவரே. கூடுதலாக இருப்பது நம்பிக்கை. யாரிடம் நாம் எதையும் எதிர்பார்க்கவில்லையோ அவர் நம்மை இடறவைக்க முடியாது. மருத்துவர், ஆசிரியர், நீதிபதி, மதகுரு, பொருளாளர் ஆகியோரைச் சுற்றியே பெரிய ஸ்கேண்டல்கள் வருவதற்குக் காரணம் இது. அவர்கள் வேலையே நாம் சரிபார்க்க முடியாத இடத்தில் நமக்காகச் சரியாக நடந்துகொள்வது.

இன்னொன்றும் வேண்டும். விஷயம் வெளியே வர வேண்டும். வெளியே வருவது என்றால் செய்தியாவது மட்டுமில்லை. இதற்கு வாட்டர்கேட்டைவிடத் தெளிவான உதாரணம் எனக்குத் தெரியாது. 1972 ஜூன் 17 அன்று வாஷிங்டனில் வாட்டர்கேட் கட்டடத்திலிருந்த ஜனநாயகக் கட்சி அலுவலகத்துக்குள் புகுந்த ஐந்து பேர் பிடிபட்டார்கள். செய்தி அப்போதே வந்தது. அந்தக் கட்சியின் அரசியல் எதிரியான குடியரசுத் தலைவர் நிக்சனின் ஆட்களுக்குத் தொடர்பு இருப்பதாகப் பத்திரிகைகள் எழுதவும் செய்தன. ஆனாலும் அந்த நவம்பர் தேர்தலில் அவர் 50 மாநிலங்களில் 49-ஐ வென்றார். தெரிந்திருந்தது, ஆனால் அசையவில்லை. 1973-ல் செனட் விசாரணை தொலைக்காட்சியில் ஓடியது. வீட்டுக்கு வீடு உட்கார்ந்து பார்த்தார்கள். அந்த ஜூலையில், தலைவரின் அலுவலகப் பேச்சுகள் ஒலிநாடாவில் பதிவாகின்றன என்று அவருடைய முன்னாள் உதவியாளர் ஒருவர் சாட்சி சொன்னார். 1974 ஆகஸ்டு 5 அன்று வெளியான ஒரு நாடாவில், புலனாய்வு அமைப்பான எஃப்.பி.ஐ.யின் விசாரணையைத் தடுக்கும் யோசனைக்கு நிக்சன் சம்மதிப்பது அவர் குரலிலேயே கேட்டது. ஆகஸ்டு 9 அன்று பதவி விலகினார்.

இரண்டு வருடத்தில் மாறியது தகவல் மட்டும் இல்லை. எனக்குத் தெரியும் என்பது ஒரு நிலை. எனக்குத் தெரியும் என்று உனக்குத் தெரியும், உனக்குத் தெரியும் என்று எனக்கும் தெரியும் என்பது வேறொரு நிலை. முதல் நிலையில் எல்லோரும் தெரியாததுபோல் இருந்துவிடலாம். இரண்டாம் நிலையில் அப்படி இருக்க வழியில்லை. ஏதாவது ஒரு பக்கம் நின்றாக வேண்டும்.

இந்த வித்தியாசத்துக்குச் சங்க இலக்கியம் தனித்தனிப் பெயரே வைத்திருக்கிறது. சிலர் தமக்குள் முணுமுணுப்பது அம்பல். அது ஊரறிய விரிவது அலர். அலர்தல் என்றால் மலர்தல். மொட்டாக இருந்தது பூவானதும் மணத்தை யாரால் மூடிவைக்க முடியும்? காதலர்களைப் பற்றி ஊர் பேசுவதைச் சொல்லும் குறள் ஒன்று இப்படிப் போகிறது:

"கண்டது மன்னும் ஒருநாள் அலர்மன்னும்
திங்களைப் பாம்புகொண் டற்று."

நான் அவரைப் பார்த்தது ஒரே ஒரு நாள்தான், அதற்குள் நிலாவைப் பாம்பு பிடித்த செய்திபோல் ஊரெல்லாம் பரவிவிட்டதே என்கிறாள் அவள். கிரகணத்தை எல்லோரும் ஒரே நேரத்தில் தலை நிமிர்ந்து பார்க்கிறார்கள். பார்க்கிற ஒவ்வொருவருக்கும் மற்றவர்கள் பார்ப்பதும் தெரியும். ஊர்ப்பேச்சுக்கு இதைவிடப் பொருத்தமான உவமை எனக்குத் தோன்றவில்லை. இன்னொன்றும் இதில் இருக்கிறது. அந்தப் பெண் தப்பு எதுவும் செய்யவில்லை. அலர் எழுவதற்குத் தப்பு நடந்திருக்க வேண்டிய அவசியமே இல்லை.

வயிறு ஏன் புரட்டுகிறது

இந்த உணர்வை நாம் என்ன சொற்களில் பேசுகிறோம் என்று கவனியுங்கள். "சீ" என்கிறோம். "பேர் நாறிப்போச்சு" என்கிறோம். "அசிங்கம்" என்கிறோம். ஊழல் என்ற சொல்லுக்கே பதனழிந்தது, கெட்டுப்போனது என்றுதான் பழைய பொருள். அழுகிய பொருளைக் கண்டால் உடம்பு பின்வாங்குமே, அதே அருவருப்பை நாம் நடத்தைக்கும் நீட்டியிருக்கிறோம். அதனால்தான் அதிர்ச்சியடைந்தவர் முதலில் விலகப் பார்க்கிறார். கெட்ட பெயர் எடுத்தவரோடு நின்று எடுத்த படத்தை மறைக்கிறார், கூடப் பழகியதைச் சொல்லத் தயங்குகிறார். பில்களை நான் கவிழ்த்து வைத்ததும் இந்த வகைதான். ஒட்டிக்கொண்டுவிடுமோ என்ற பயம்.

அருவருப்புக்கு அடியில் இன்னும் கூர்மையான ஒன்று இருக்கிறது. வெளிவேஷம் கலைந்தது என்கிறோமே, அந்த வலி. 2017-ல் ஜிலியன் ஜோர்டன் என்ற உளவியலாளரும் அவருடன் சேர்ந்தவர்களும் ஓர் ஆய்வு வெளியிட்டார்கள். ஊருக்கு உபதேசம் செய்துவிட்டுத் தான் மட்டும் மீறுபவரை, "நான் அப்படிச் செய்வதில்லை" என்று நேரடியாகப் பொய் சொல்பவரைவிடவும் மக்கள் கூடுதலாக வெறுக்கிறார்கள் என்று அதில் கண்டார்கள். காரணம் என்ன? மற்றவரைக் கண்டிக்கும்போது ஒருவர் "நான் சுத்தம்" என்று வாய்விட்டுச் சொல்லாமலே சொல்கிறார். நாமும் நம்பி, அதற்கான மரியாதையை முன்கூட்டியே கொடுத்துவிடுகிறோம். வேஷம் கலையும்போது, தகுதியில்லாமல் வாங்கிக்கொண்ட அந்த மரியாதைக்காகத்தான் எரிச்சல் வருகிறது. "இது தப்பு, ஆனால் நானும் சில நேரம் செய்துவிடுகிறேன்" என்று ஒத்துக்கொள்பவர் மேல் அவ்வளவு கோபம் வருவதில்லை என்பதும் அதே ஆய்வில் தெரிந்தது.

ஃபோக்ஸ்வாகன் நிறுவனத்தின் விவகாரம் 2015 செப்டம்பரில் வெடித்தபோது இதைப் பார்த்தோம். அவர்களுடைய டீசல் கார்களில் ஒரு மென்பொருள் இருந்தது. கார் சோதனையில் இருக்கிறது என்று கண்டுகொண்டால் மட்டும் புகையை ஒழுங்காகக் கட்டுப்படுத்தும். சாலையில் இறங்கியதும் விட்டுவிடும். அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை, நைட்ரஜன் ஆக்சைடுகள் அனுமதித்த அளவைப்போல் 40 மடங்குவரை வெளியேறியதாகச் சொன்னது. உலகம் முழுவதும் சுமார் 1.1 கோடி கார்களில் அந்த மென்பொருள் இருந்ததாக நிறுவனமே ஒப்புக்கொண்டது. புகை விடும் வண்டி எதுவும் புதிதில்லை. இந்தக் கார்களைச் "சுத்தமான டீசல்" என்று விளம்பரம் செய்து விற்றிருந்தார்கள். கூடுதல் பணம் கொடுத்தாவது சுத்தமான வண்டி வாங்க நினைத்தவர்கள்தான் அதிகம் காயப்பட்டார்கள். மனசாட்சி உள்ளவனைப் பார்த்து வலை விரித்தது போல ஆகிவிட்டது.

அப்புறம், நினைவுகள். நம்பிக்கை உடைந்ததும் மனம் முன்னால் போவதில்லை, பின்னால் போகிறது. அன்றிரவு நான் இரண்டு வருடத்தையும் மறுபடி ஓட்டிப் பார்த்தேன். அந்த வாரம் அவர் என்னைப் பாராட்டியது எதற்காக? அந்தப் பயணத்துக்கு என்னைக் கூட்டிப்போகாதது ஏன்? என் அறிக்கையை அவ்வளவு கவனமாகத் திருத்தினாரே, அது அக்கறையா, அல்லது நான் எந்த அளவுக்குக் கவனிப்பவன் என்று நோட்டம் பார்த்தாரா? ஒவ்வொரு நல்ல நினைவும் கூண்டில் ஏறி நின்றது. இழந்தது ஒரு மனிதரை மட்டும் இல்லை, என் சொந்தக் கடந்த காலத்தின் ஒரு பகுதியையும்தான். நெருங்கியவரால் ஏமாந்தவர்கள் "என் வாழ்க்கையே பொய்யாப் போச்சு" என்று சொல்வது மிகைப்படுத்தல் என்று நான் இனி நினைக்க மாட்டேன்.

இதோடு சேர்ந்து வருவது தன் மேலேயே வரும் சந்தேகம். எப்படி எனக்குத் தெரியாமல் போச்சு? அவர் மேல் வரும் கோபத்தில் பாதி, இப்படி நம்பிய நம் மேல் வருவது. "எனக்கு அப்பவே தெரியும்" என்று சிலர் முந்திக்கொண்டு சொல்வதும் இதனால்தான். இடறி விழவில்லை, கல்லைப் பார்த்துவிட்டுத்தான் நடந்தேன் என்று காட்டிக்கொள்ள ஆசை.

நம்மவர், அடுத்தவர்

எல்லா அதிர்ச்சியும் வலிப்பதில்லை என்பதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். நமக்கு ஆகாதவர் மாட்டிக்கொண்டால் உள்ளுக்குள் இனிக்கிறது. "ஐயோ இப்படியா" என்று வாய் சொல்லும்போதே கை அடுத்தவருக்கு அனுப்பத் துடிக்கிறது. அதே குற்றத்தில் நம்மவர் மாட்டினால் "ஆதாரம் எங்கே, இதில் யார் கை இருக்கிறது" என்று கேட்கிறோம். நம்மவர் விழுந்தால் நாமும் கொஞ்சம் விழுகிறோம் என்பதால் மனம் முட்டுக்கொடுக்கப் பார்க்கிறது.

சமூக ஊடகம் இந்த இனிப்பைத்தான் விற்கிறது. வில்லியம் பிரேடியும் அவருடைய சக ஆய்வாளர்களும் 2017-ல் வெளியிட்ட ஆய்வில், சர்ச்சையான அரசியல் விஷயங்களைப் பற்றிய லட்சக்கணக்கான ட்விட்டர் பதிவுகளை எடுத்துப் பார்த்தார்கள். ஒழுக்கமும் உணர்ச்சியும் கலந்த சொல் ஒவ்வொன்று கூடும்போதும் அந்தப் பதிவு பகிரப்படுவது சுமார் 20 விழுக்காடு கூடியது. ஆனால் அந்தப் பகிர்வு பெரும்பாலும் தங்கள் பக்கத்து ஆட்களுக்குள்ளேயே சுற்றியது. அம்பல் அலராவதற்கு முன்பெல்லாம் நாள் கணக்கு ஆனது. இப்போது அம்பல் என்ற கட்டமே இல்லாமல் நேராகப் பூத்துவிடுகிறது. சரிபார்க்க நேரம் கிடைப்பதில்லை.

அது எவ்வளவு ஆபத்து என்பதற்கு ஒரு முற்றத்தைக் காட்டுகிறேன். பாரிஸ், 1895 ஜனவரி 5. ஆல்ஃபிரட் டிரைஃபஸ் என்ற பிரெஞ்சு ராணுவ அதிகாரி, ஜெர்மனிக்கு ரகசியம் விற்றதாகத் தண்டிக்கப்பட்டவர், படைவீரர்கள் நடுவே நிறுத்தப்படுகிறார். அவருடைய சீருடையிலிருந்து பதவிச் சின்னங்களைப் பிய்த்து எறிகிறார்கள். அவருடைய வாளை முறித்துப் போடுகிறார்கள். "நான் நிரபராதி" என்று அவர் கத்துகிறார். வேலிக்கு வெளியே கூடிய கூட்டம் துரோகி என்று கூவுகிறது, அவர் யூதர் என்பதையும் சேர்த்துத் திட்டுகிறது. அந்தக் கூட்டத்தின் கோபம் நடிப்பில்லை. நாட்டைக் காக்க வேண்டியவன் விற்றுவிட்டான் என்று உண்மையாகவே கொதித்தார்கள். ஆனால் அவர் எதையும் விற்கவில்லை. ரகசியம் விற்றவர் எஸ்டர்ஹாசி என்ற வேறொரு அதிகாரி. அது மேலிடத்துக்குத் தெரியவந்த பிறகும் ராணுவத்தின் பெயர் கெடக் கூடாது என்று மூடப் பார்த்தார்கள். எஸ்டர்ஹாசி விடுதலையான இரண்டாம் நாள், 1898 ஜனவரி 13 அன்று, எழுத்தாளர் எமில் ஸோலா ஒரு நாளிதழின் முதல் பக்கத்தில் நாட்டின் தலைவருக்குப் பகிரங்கக் கடிதம் எழுதி ஒவ்வொருவர் பெயராகக் குற்றம்சாட்டினார். டிரைஃபஸ் மேலிருந்த பழி முழுதும் நீங்கியது 1906-ல்.

முன்னே சொன்ன இரண்டு உடன்பிறப்புகளும் இங்கே ஒன்றாக நிற்பதைப் பாருங்கள். முற்றத்தில் கூட்டம் கூவியது அவதூறு. உண்மையை மேலிடம் மூடிமறைத்தது ஸ்கேண்டல். அதிர்ச்சி எவ்வளவு உண்மையாக இருந்தாலும் அது ஒரு சாட்சியம் ஆகாது. வயிறு புரட்டியது என்பதற்காக ஒருவர் குற்றவாளி ஆகிவிடுவதில்லை. என் விஷயத்திலும் அந்த 7-ஐ நான் பார்த்தது ஒரு சந்தேகம்தான். தணிக்கையாளர் அந்த இடங்களில் போய் விசாரித்து வந்த பிறகுதான் அது உண்மை ஆனது.

யாருக்கும் தீங்கே இல்லாத இடத்திலும் மக்கள் அதிர்ந்திருக்கிறார்கள். 1865-ல் பாரிஸ் கண்காட்சியில் ஓவியர் மானே வரைந்த ஒலிம்பியா ஓவியத்தைப் பார்த்துக் கூட்டம் கொதித்தது. நிர்வாண ஓவியங்கள் அங்கே ஏராளம், அவை தேவதைகள் என்று சொல்லிக்கொண்டார்கள். இந்தப் பெண் தேவதை வேஷம் போடாமல், விலைமகளாகவே பார்ப்பவர் கண்ணை நேராகப் பார்த்தாள். 1907-ல் அதே ஓவியம் லூவர் அருங்காட்சியகத்துக்குள் போனது. இன்று பள்ளிப் பிள்ளைகளை வரிசையாகக் கூட்டிவந்து காட்டுகிறார்கள். ஓவியம் மாறவில்லை. எதைப் பார்த்தால் முகம் சுளிக்க வேண்டும் என்ற ஊரின் வழக்கம்தான் மாறியது. அதனால் அதிர்ச்சி வரும்போது நான் இப்போதெல்லாம் என்னையே கேட்டுக்கொள்வது இதுதான்: இதில் யாருக்காவது தீங்கு நடந்ததா, அல்லது எனக்குப் பழக்கமில்லாததைப் பார்த்துவிட்டேனா?

பேர் கெடக் கூடாது என்று

என்னை மிகவும் கோபப்படுத்துவது இந்தப் பகுதிதான். இடறல் கூடாது என்ற நல்ல எண்ணத்தைத் தலைகீழாகத் திருப்பிப் பிடிப்பவர்கள் இருக்கிறார்கள். விஷயம் வெளியே வந்தால் சாதாரண மக்களின் நம்பிக்கை குலையும், அதனால் மூடிவிடுவோம் என்பார்கள்.

அயர்லாந்தில் டப்ளின் மறைமாவட்டத்தில் பாதிரியார்கள் குழந்தைகளிடம் நடத்திய பாலியல் கொடுமைகள் குறித்த புகார்கள் எப்படிக் கையாளப்பட்டன என்று ஓர் அரசு ஆணையம் விசாரித்தது. அதன் அறிக்கை 2009 நவம்பரில் வந்தது. குறைந்தபட்சம் 1990-களின் நடுப்பகுதி வரையிலாவது, ரகசியம் காப்பது, ஸ்கேண்டலைத் தவிர்ப்பது, திருச்சபையின் பெயரையும் சொத்தையும் காப்பது ஆகியவையே மறைமாவட்டத்தின் முக்கியக் கவலைகளாக இருந்தன என்று அது எழுதியது. குழந்தைகளின் நலன் அவற்றுக்குப் பின்னால் தள்ளப்பட்டிருந்தது. எந்தச் சொல் "சின்னவர்கள் விழுந்துவிடக் கூடாது" என்பதற்காகக் கவலைப்பட்டதோ, அந்தச் சொல்லைக் காரணம் காட்டியே சின்னவர்களைக் கைவிட்டார்கள். கல்லை எடுக்காமல் கல்லின் மேல் பாயை விரித்தார்கள். அடுத்து வந்த குழந்தையும் அதில்தான் தடுக்கியது.

இத்தனைக்கும் அவர்களுடைய மரபிலேயே மறுமொழி இருந்தது. 6-ஆம் நூற்றாண்டின் இறுதியில் போப்பாக இருந்த கிரகோரியார், உண்மையைக் கைவிடுவதைவிட இடறல் எழுவதே மேல் என்று சொல்லியிருக்கிறார். அக்குவினாஸும் அதை எடுத்துக்காட்டுகிறார்.

எங்கள் அலுவலகத்தில் நடந்ததும் அளவில் சின்னதாக இதுவேதான். விசாரணை முடிந்ததும் அவரைச் சத்தமில்லாமல் அனுப்பிவிட்டார்கள். "உடல்நிலை காரணமாக" என்று ஒரு சுற்றறிக்கை வந்தது. சிலர் தணிக்கையாளர் வேண்டுமென்றே பழிவாங்கிவிட்டார் என்றார்கள். சிலர் எங்கள் மேலாளருக்கும் பங்கு உண்டு என்றார்கள், அவருக்கு அதில் எந்தச் சம்பந்தமும் இல்லை. அந்தப் பையன் எல்லோரும் இப்படித்தான் என்ற முடிவுக்கு வந்தான். என்ன நடந்தது, எவ்வளவு போனது, எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்று நான்கு வரியில் சொல்லியிருந்தால், கண்டுபிடிக்கவும் கேள்வி கேட்கவும் ஆள் இருக்கிறார்கள் என்பதாவது அவனுக்குத் தெரிந்திருக்கும். அன்று எனக்கு அதைக் கேட்கத் தைரியம் இல்லை. பில்களைக் கவிழ்த்து வைத்த கைதான் அதுவும்.

அவர் சொல்லிக்கொடுத்த கணக்கு சரியான கணக்குதான் என்று எனக்குப் புரிய வருடங்கள் ஆயின. நடுவில் கொஞ்ச காலம் வெறும் 7 எழுதிப் பழகினேன். அது 1 மாதிரியே தெரிந்தது. இப்போது மறுபடி குறுக்கே கோடு போடுகிறேன்.